கத்தரிக்கோலும் சிண்ட்ரெல்லாவும்

நேயர்களுக்கு வணக்கம்.

சிண்ட்ரெல்லா என்றால் பூசணிக்காய் வண்டியும் கண்ணாடிச் செருப்பும்தான் நமக்கு நினைவுக்கு வரும். அவை 1697-இல் பிரான்சில் பெரோ என்ற எழுத்தாளர் எழுதியதிலிருந்து வந்தவை. 1950-இல் டிஸ்னி படமாக்கியதும் அதைத்தான். ஜெர்மனியில் கிரிம் சகோதரர்கள் தொகுத்த கதையோ வேறு மாதிரி. அதில் தேவதையே கிடையாது. தாயின் கல்லறை மேல் வளர்ந்த மரம்தான் அவளுக்குப் பட்டாடை தருகிறது. செருப்பு காலில் ஏறவில்லை என்று சிற்றன்னையின் மகள்களில் மூத்தவள் கட்டைவிரலையே வெட்டிக்கொள்கிறாள். இளையவள் குதிகாலைச் சீவுகிறாள்.

இந்தக் கிரிம் கதையைத்தான் 1922-இல் லோட்டே ரைனிகர் என்ற பெர்லின்காரப் பெண் நிழலுருப் படமாக எடுத்தார். கால் மணி நேரம்கூட ஓடாத மௌனப் படம். கறுப்பு அட்டையில் தலை, கை, கால் என்று தனித்தனியாக வெட்டி, மூட்டுக்கு மூட்டு கம்பியால் இணைப்பார். அடியில் விளக்கு எரியும் கண்ணாடி மேசையில் அந்த உருவத்தைக் கிடத்தி, மேலே கேமராவைப் பொருத்தி, இம்மி இம்மியாக நகர்த்தி ஒவ்வொரு படமாக எடுக்க வேண்டும். நம் தோல்பாவைக்கூத்தில் பாவை வண்ணமாக இருக்கும், திரைக்குப் பின்னால் அப்போதே ஆடும். இங்கே வெறும் கறுப்பு; ஆட்டமெல்லாம் படச்சுருளை ஓட்டும்போதுதான்.

படம் தொடங்கும்போதே ஒரு கத்தரிக்கோல் வந்து, தாளிலிருந்து சிண்ட்ரெல்லாவை வெட்டி எடுக்கிறது. எப்படிச் செய்தேன் என்பதை மறைக்காமல், முதலிலேயே காட்டிவிடுகிறார். அப்புறம் அக்காள் பாதத்தை வெட்டும் காட்சி வருகிறது. கடைசியில் சிற்றன்னை ஆத்திரம் தாங்காமல் இரண்டாகக் கிழிந்துபோகிறாள். கவனித்தால், இவையெல்லாம் தாளுக்கு நேரக்கூடியவைதான். கதையில் உள்ள கொடுமையைக் கொஞ்சமும் குறைக்கவில்லை. ஆனாலும் பார்க்க முடிகிறது. முகபாவமே தெரியாத கறுப்பு உருவத்தில், குனிந்த முதுகும் தொங்கும் கையும் அந்தப் பெண்ணின் சோர்வைச் சொல்லிவிடுகின்றன. 1926-இல் அவர் எடுத்த ‘இளவரசர் அகமது’ முழுநீளப் படத்தைத்தான் எல்லோரும் புகழ்வார்கள். சரி, அது பெரிய சாதனைதான். எனக்கென்னவோ இந்தக் குறும்படத்தின் துடுக்குத்தனம்தான் கூடுதலாகப் பிடிக்கிறது.

குழந்தைகளுக்குக் காட்டலாமா? தாராளமாகக் காட்டலாம். இடையிடையே வரும் எழுத்து அட்டைகளைப் படித்துச் சொல்ல மட்டும் பக்கத்தில் ஒருவர் வேண்டும். நன்றி, வணக்கம்.