ஆறு ஆண்டு கட்டிவிட்டேன், பாக்கி எவ்வளவு?

நேயர்களுக்கு வணக்கம்.

வங்கியில் 34 ஆண்டுகள் வேலை பார்த்தேன். அதில் பாதிக்கு மேல் கடன் பிரிவில். வீட்டுக் கடன் கேட்டு என் மேசைக்கு எதிரே வந்து உட்கார்ந்தவர்களில் ஏறக்குறைய எல்லோரும் முதலில் கேட்டது ஒரே கேள்விதான்: "மாதம் எவ்வளவு சார் வரும்?" மொத்தம் எவ்வளவு கட்டுவேன் என்று கேட்டவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். கத்தரிக்காய் வாங்கினால்கூடக் கிலோ என்ன விலை என்று கேட்டு, இன்னொரு கடையிலும் விசாரித்துவிட்டு வாங்குகிறோம். ஆயுளில் ஒரே ஒரு முறை வாங்கும் வீட்டுக்கு மட்டும் முழு விலையைக் கேட்பதில்லை. இது என் மனத்தை வெகுநாளாக உறுத்திக்கொண்டிருக்கிறது. இன்றைக்கு அதைத்தான் பேசப்போகிறேன். கையருகே தாளும் பேனாவும் இருந்தால் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். சமையலறையில் வேலையாக இருப்பவர்கள் காதை மட்டும் கொடுத்தால் போதும். முக்கியமான எண்களை இரண்டு முறை சொல்கிறேன்.

2014-ஆம் ஆண்டு பாளையங்கோட்டையில் ஒரு கிளையில் இருந்தேன். ஒரு நாள் காலை பத்தரை மணிக்கு ஒரு பள்ளி ஆசிரியரும் அவர் மனைவியும் வந்தார்கள். கையில் அரைக் கிலோ அல்வா. "கடனை இன்றோடு முடித்துவிடலாம் என்று வந்தோம் சார்" என்றார் ஆசிரியர். முகத்தில் அப்படி ஒரு மலர்ச்சி. 2008-இல் வாங்கிய கடன் அது. 10 லட்சம் ரூபாய், 20 ஆண்டுத் தவணை, மாதம் 9,650 ரூபாய். ஒரு மாதம்கூடத் தவறியதில்லை.

மஞ்சள் பையிலிருந்து ஒரு நீள நோட்டை எடுத்து என் முன்னால் விரித்தார். பள்ளிக்கூடத்து மதிப்பெண் பதிவேடு போலக் கோடு போட்டிருந்தது. மாதத்துக்கு ஒரு வரி. தேதி, கட்டிய தொகை எல்லாம் நீல மையில். பாக்கித் தொகை மட்டும் சிவப்பு மையில். முதல் வரியில் 10 லட்சம். அதில் 9,650-ஐக் கழித்து 9,90,350. அடுத்த மாதம் 9,80,700. இப்படி 72 மாதத்துக்கு 72 வரிகள். ஒரு கழித்தலிலும் பிழை இல்லை. கடைசியில் 3,05,200 என்று எழுதி, அளவுகோல் வைத்து அடியில் இரண்டு கோடு போட்டிருந்தார். அந்தத் தொகைக்காக வருங்கால வைப்பு நிதியிலிருந்து பணமும் எடுத்து வந்துவிட்டார்.

நான் கணினியில் கணக்கைத் திறந்தேன். பாக்கி 8,70,000 ரூபாய்க்கு மேல். இடையில் வட்டி விகிதம் கொஞ்சம் ஏறி இறங்கியதுண்டு. உங்களுக்குச் சொல்வதற்கு எளிதாக 10 சதவீதம் என்றே வைத்துச் சொல்கிறேன். அவர் நோட்டில் மூன்று லட்சம், வங்கிக் கணக்கில் எட்டு லட்சத்து எழுபதாயிரம். அவரிடம் இதை எப்படிச் சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. திரையைத் திருப்பிக் காட்டினேன். ஆசிரியர் பேசவே இல்லை. நோட்டை மூடி, மறுபடி திறந்து, கடைசி வரியையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் மனைவிதான் கேட்டார்: "அப்படியென்றால் இந்த ஆறு வருடமும் நாங்கள் கட்டியது வாடகைதானா?"

அந்த அம்மாள் சொன்னதைவிடச் சரியான சொல்லை நான் எந்தப் பயிற்சி வகுப்பிலும் கேட்டதில்லை. வாடகைதான். வட்டி என்பது பணத்துக்குக் கொடுக்கும் வாடகை. எவ்வளவு அசல் பாக்கி நிற்கிறதோ அவ்வளவுக்கும் மாதாமாதம் வாடகை உண்டு. முதல் மாதம் முழுப் 10 லட்சமும் நம்மிடம் இருக்கிறது. 10 சதவீதம் என்றால் ஆண்டுக்கு ஒரு லட்சம், மாதத்துக்கு 8,333 ரூபாய். கட்டுகிற 9,650-இல் அது போக மிஞ்சுவது 1,317 ரூபாய். அந்த 1,317 மட்டும்தான் அசலில் கழியும். மறுபடியும் சொல்கிறேன்: கட்டியது 9,650, அசலில் கழிந்தது 1,317. ஆறு ஆண்டில் அவர்கள் கட்டிய ஏறக்குறைய ஏழு லட்சத்தில் அசலுக்குப் போனது ஒரு லட்சத்து இருபத்தொன்பதாயிரம். மீதி எல்லாம் வாடகை.

நகையை அடகு வைத்தால் இது நமக்கு நன்றாகத் தெரிகிறது. வட்டியைக் கட்டிப் புதுப்பித்துவிட்டு வருகிறோம். அசல் அப்படியே நிற்கிறது என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும். வீட்டுக் கடனில் வட்டியையும் அசலையும் ஒன்றாகக் கலந்து, மாதாமாதம் ஒரே தொகையாக வாங்கிக்கொள்வதால் அந்தப் பிரிவு நம் கண்ணுக்குத் தெரிவதில்லை. யாரும் ஏமாற்றவில்லை, கணக்கு சரியான கணக்குதான். ஆனால் கடன் கொடுக்கும் நாளிலேயே எதிரே உட்கார்ந்து விளக்கியிருக்க வேண்டியது எங்கள் கடமை. அதை ஆறு ஆண்டு கழித்துச் செய்ததில் எனக்கு இன்றும் வருத்தம் உண்டு.

சரி, அவர் கொண்டுவந்த மூன்று லட்சம் என்ன ஆயிற்று? திரும்பக் கொண்டுபோக எழுந்தார். நான் உட்காரச் சொன்னேன். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கும் வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-இல் உத்தரவு போட்டிருந்தது. அந்த மூன்று லட்சத்தை அன்றே அசலில் கட்டவைத்தேன். இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. பெரிய தொகை கட்டியதும் வங்கியில் கேட்பார்கள்: மாதத் தவணையைக் குறைக்கட்டுமா, காலத்தைக் குறைக்கட்டுமா என்று. கேட்காமலேயும் ஏதாவது ஒன்றைச் செய்துவிடுவார்கள். தவணை அதே 9,650 இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுக்கச் சொன்னேன். பதினான்கு ஆண்டு பாக்கி இருந்த கடன் ஏழு ஆண்டுக்கும் குறைவாக ஆகிவிட்டது. 86 தவணைகள் இல்லாமல் போயின. 86 தவணை என்றால் எட்டு லட்சத்து முப்பதாயிரம் ரூபாய். கட்டியது மூன்று லட்சம். கட்டாமல் மிஞ்சியது எட்டு லட்சத்துக்கு மேல்.

அன்று மாலைக்குள் நோட்டின் அடுத்த பக்கத்தில் வட்டி என்று ஒரு கட்டமும் அசல் என்று ஒரு கட்டமும் போட்டுவிட்டார். மறுநாள் கொண்டுவந்து காட்டினார்.

இப்போது இன்றைய கணக்குக்கு வருவோம். 30 லட்சம் கடன், எட்டரை சதவீத வட்டி, 20 ஆண்டு என்று வையுங்கள். மாதத் தவணை 26,000 ரூபாய் சொச்சம். மொத்தம் கட்டுவது அறுபத்திரண்டரை லட்சம். திரும்பச் சொல்கிறேன்: வாங்குவது முப்பது, கட்டுவது அறுபத்திரண்டரை. இதில் பாதி அசல் எப்போது தீரும்? பத்தாவது ஆண்டில் என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஏறக்குறைய பதினான்கு ஆண்டு ஆகும்.

இதே கடனை 15 ஆண்டில் கட்டினால் மாதம் 3,500 ரூபாய் கூடும்; வட்டியில் ஒன்பது லட்சத்துக்கு மேல் மிஞ்சும். மாறாக, "தவணை குறைவாக வரும், 30 ஆண்டாகப் போட்டுக்கொள்ளுங்கள்" என்று யாராவது சொன்னால், மாதம் 3,000 ரூபாய்தான் குறையும். வட்டி இருபது லட்சத்துக்கு மேல் ஏறிவிடும். மூவாயிரம் ரூபாய் இலேசாக இருக்கும் என்று பத்து ஆண்டைத் தலையில் கட்டிக்கொள்கிறோம். தவணை எவ்வளவு என்று கேளுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் எத்தனை ஆண்டு, மொத்தம் எவ்வளவு என்று அதற்கு முன்னால் கேளுங்கள்.

இன்னொரு கணக்கு. அதே 30 லட்சக் கடனில், முதல் ஆண்டு முடிவில் கையில் ஒரு லட்சம் கிடைத்து அசலில் கட்டுகிறீர்கள். கடைசியில் 18 தவணைகள் குறையும். அந்த ஒரு லட்சத்தையே பதினைந்தாவது ஆண்டு முடிவில் கட்டினால் ஆறு தவணைகூடக் குறையாது. பணம் ஒன்றுதான், கட்டும் ஆண்டுதான் வேறு. போனஸ், அகவிலைப்படி நிலுவை, சீட்டு எடுத்த பணம் எது வந்தாலும் முதல் ஐந்தாறு ஆண்டுக்குள் கொஞ்சமாவது அசலில் போடுங்கள் என்று நான் படித்துப் படித்துச் சொல்வது இதனால்தான். ஆறு மாதக் குடும்பச் செலவுக்கான பணத்தைத் தனியே வைத்துவிட்டுச் செய்யுங்கள். கையில் இருப்பதை எல்லாம் கடனில் போட்டுவிட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்கு இரண்டு வட்டிக்கு வாங்கினால் பயன் இல்லை.

இருபது ஆண்டு கழித்து இன்றைய ரூபாய்க்கு என்ன மதிப்பு இருக்கும், வாடகையும்தான் ஏறிக்கொண்டே போகிறதே என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்வி. சம்பளம் ஏற ஏறத் தவணையின் பாரம் குறையும், சொந்த வீட்டில் வாடகை மிஞ்சும், இரண்டும் உண்மை. கடன் வாங்காதீர்கள் என்று நான் சொல்லவே மாட்டேன். நானும் வாங்கித்தான் வீடு கட்டினேன். விலையைத் தெரிந்துகொண்டு வாங்குங்கள் என்கிறேன்.

அடுத்து, வட்டி ஏறும்போது நடப்பது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் மாறும் வட்டியில் கொடுக்கும் புதிய வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று விதி வந்தது. பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும்போது ரிசர்வ் வங்கி வாங்கும் வட்டி. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் ஆறரை ஆகிவிட்டது. 6.7 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கியவருக்கு 20 ஆண்டுக் கணக்கில் தவணை 22,700 ரூபாய். வட்டி இரண்டரை கூடி 9.2 ஆனால், 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டுமே 23,000. தவணையை விட வட்டி அதிகம்! மாதம் தவறாமல் கட்டிக்கொண்டிருப்பார், அசல் குறையாது. தவணையை ஏற்றினால் வாடிக்கையாளர் சத்தம் போடுவார் என்பதால், பல இடங்களில் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிட்டார்கள். கைப்பேசிக்கு ஒரு குறுஞ்செய்தி வந்திருக்கும். யார் படித்தார்கள்? ஓய்வு பெற்ற பிறகும் கடன் ஓடும்படி நீண்டதை நானே பார்த்திருக்கிறேன். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது: வட்டி மாறினால் தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். ஆண்டுக்கு ஒரு முறை, பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடக் கட்டணம் கட்டும் மாதத்தில் என்று வைத்துக்கொள்ளுங்கள், வங்கிக்குப் போய் "இன்னும் எத்தனை தவணை பாக்கி?" என்று எழுத்தில் வாங்கிவிடுங்கள். வட்டி குறையும் காலத்திலும் இதே கேள்விதான். 2025-இல் குறைந்தபோது பழைய தவணையையே விடாமல் கட்டியவர்களுக்குக் காலம் தானாகச் சுருங்கியிருக்கும்.

வரிச்சலுகை கிடைக்கிறதே என்பார்கள். பழைய வரி முறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை வட்டிக்குச் சலுகை உண்டு. முப்பது சதவீத வரி கட்டுபவருக்குக்கூட 100 ரூபாய் வட்டியில் மிஞ்சுவது 31 ரூபாய். 69 ரூபாய் நம் பையிலிருந்து போகிறது. புதிய முறையில் நாமே குடியிருக்கும் வீட்டுக்கு அதுவும் இல்லை.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து நேரம் ஆகிவிட்டது என்று சைகை காட்டுகிறார்கள். இன்னும் நான்கு விஷயம் வைத்திருந்தேன், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக நூற்றுக்கு 9 ரூபாய். வீட்டுக் கடன் பொதுவாக இதற்குக் கிடைக்காது. இதற்காக நகையை வைத்தோ கைமாற்று வாங்கியோ இரண்டாவது கடன் ஒன்று முளைக்கும். அதையும் வீட்டின் விலையில் சேருங்கள். கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடு ஒன்றைக் கட்டிவிடுவார்கள். ஒரு லட்சம் பிரீமியத்தைக் கடனில் ஏற்றினால் எட்டரை சதவீதத்தில் 20 ஆண்டில் அது இரண்டு லட்சத்துக்கு மேல். காப்பீடு அவசியம், ஆனால் வெளியே தனியாக எடுக்கலாம். 2024 அக்டோபர் முதல் கடன் கொடுப்பவர்கள் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும். எல்லாச் செலவும் சேர்ந்த ஆண்டு விகிதம் அதில் இருக்கும். கையெழுத்துப் போடுவதற்கு முன் அதைக் கேட்டு வாங்குங்கள்.

கடைசியாகப் பத்திரம். கடன் முழுவதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அவர்கள் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் இது நடைமுறையில் இருக்கிறது. பத்திரத்தை வாங்கிப் பீரோவில் வைத்துவிட்டு வேலை முடிந்தது என்று இருந்துவிடாதீர்கள். கடன் வாங்கியபோது சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தைப் பதிவு செய்திருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் அங்கேயே பதிவு செய்ய வேண்டும். அதன் பிறகு ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, அந்த ரசீது அதில் ஏறியிருக்கிறதா என்று சரிபாருங்கள்.

வணக்கம்.