போக்சன் பார்த்த வால்மீன்

நேயர்களுக்கு வணக்கம்.

சென்னை நுங்கம்பாக்கத்தில் இன்று வானிலை ஆய்வு மையம் இருக்கும் வளாகத்தில்தான் 1792 முதல் மதராஸ் வானாய்வகம் இயங்கிவந்தது. அதன் தலைவராக 1861இல் இங்கிலாந்திலிருந்து வந்து, 1891இல் இறக்கும் வரை முப்பது ஆண்டுகள் இந்த ஊரிலேயே இருந்து வானத்தைப் பார்த்தவர் நார்மன் போக்சன். விண்மீன்களின் ஒளித்தரத்தில் ஐந்து படி வேறுபாடு என்றால் ஒளியில் சரியாக நூறு மடங்கு வேறுபாடு என்று 1856இல் அவர் வகுத்துத் தந்த அளவுகோலைத்தான் உலகம் இன்றும் பயன்படுத்துகிறது. ஆனால் அவருடைய உழைப்பின் பெரும்பகுதி சிறுகோள்களுக்கே சென்றது.

வானத்தை நிழற்படம் எடுத்துச் சிறுகோள் தேடும் முறை அப்போது வந்திருக்கவில்லை. வானத்தின் ஒரு சிறு பகுதியிலுள்ள மங்கலான விண்மீன்களையெல்லாம் முதலில் கையால் வரைந்து வைத்துக்கொள்ள வேண்டும். பிறகு இரவுக்கு இரவு தொலைநோக்கியில் பார்த்து, படத்தில் இல்லாத ஒரு புள்ளி தென்பட்டால், அது மறுநாள் இடம் மாறியிருக்கிறதா என்று காத்திருந்து உறுதிசெய்ய வேண்டும். இப்படித்தான் 1861 ஏப்ரல் 17 அன்று மதராஸில் ஒரு சிறுகோளை அவர் கண்டார். ஆசியக் கண்டத்திலிருந்து கண்டறியப்பட்ட முதல் சிறுகோள் என்பதால் அதற்கு ஆசியா என்றே பெயரிட்டார். பின்னர் சாஃபோ, சில்வியா, கமில்லா, வேரா ஆகியவையும் இங்கிருந்தே கிடைத்தன. சில்வியாவை இரண்டு சிறு நிலவுகள் சுற்றுவது நம் காலத்தில் தெரியவந்திருக்கிறது.

அவரிடம் உதவியாளராக இருந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867இல் ஒரு மாறொளி விண்மீனை, அதாவது ஒளி கூடிக் குறையும் விண்மீனை, கண்டறிந்தார். மகள் ஐசிஸ் 1873 முதல் தந்தையோடு பணியாற்றினார். 1886இல் இங்கிலாந்தின் அரச வானியல் கழகத்தில் உறுப்பினராக ஐசிஸின் பெயர் முன்மொழியப்பட்டும், பெண் என்பதால் 1920 வரை அவருக்கு அங்கே இடமில்லை. இதை நினைக்கும்போதெல்லாம் மனம் வருந்துகிறது.

போக்சனின் வாழ்வில் என்னை மிகவும் கவர்வது 1872ஆம் ஆண்டின் ஒரு நிகழ்ச்சி. அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன் காணாமல்போன பியலா வால்மீனின் துகள்கள் நவம்பர் 27 இரவில் பெரும் எரிமீன் மழையாகப் பொழிந்தன. வால்மீன் பூமியை உரசிச் சென்றிருக்கிறது, சென்டாரஸ் விண்மீன் குழுவின் பக்கம் தேடுங்கள் என்று ஜெர்மனியிலிருந்து கிளிங்கர்ஃபியூஸ் என்ற வானியலாளர் போக்சனுக்குத் தந்தி அடித்தார். தென்வானில் இருந்த அந்த இடத்தைப் பார்க்க மதராஸ்தான் வசதியான ஊர். ஆனால் அது வடகிழக்குப் பருவமழைக் காலம். முதல் இரண்டு விடியற்காலைகளிலும் மேகமும் மழையும் வானத்தை மூடியிருந்தன. மூன்றாம் நாள், பொழுது புலரும் வேளையில், மேகத்துக்கு நடுவே ஒரு கீற்று நீலம் திறந்தது. அதில் வாலில்லாத ஒரு வட்ட ஒளி. அடுத்தடுத்த நான்கு நிமிடங்களில் நான்கு முறை அருகிலிருந்த விண்மீனோடு ஒப்பிட்டு அளந்து, அது நகர்வதை உறுதிசெய்தார். மறுநாள் வாலும் தெரிந்தது. அதற்கடுத்த நாள் மீண்டும் மழை.

ஒரு வால்மீனின் பாதையைக் கணிக்கக் குறைந்தது மூன்று தனித்தனி நாள்களின் இடங்கள் வேண்டும். போக்சனிடம் இரண்டு நாள்களின் அளவுகளே இருந்தன. அவர் கண்டது பியலா அன்று, வேறொரு வால்மீன் என்றே பின்னர் செய்த கணக்குகள் காட்டின. அதைப் பிறகு எவரும் பார்க்கவில்லை. மழைக்கு நடுவே அந்த இரண்டு காலைகளில் அவர் குறித்துவைத்த எண்களே அதைப் பற்றி நம்மிடம் இருப்பவை.