எரியா, ஏரியா: ஒரு கற்பனை மறையின் கடைசி ஏடு

(காரைக்குடியில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவையில் அமர்ந்திருக்கும் பெரியோர்களே, ஆச்சிமார்களே, கதை எழுதும் ஆசையோடு வந்திருக்கும் இளைஞர்களே, வணக்கம்.

இல்லாத ஓர் உலகத்துக்கு மறைநூல் படைப்பது எப்படி என்பது எனக்குத் தரப்பட்ட பொருள். மாய உலகக் கதைகளில் வரும் புனித நூல்கள் பெரும்பாலும் பொன்னால் ஆனவை, இருட்டில் ஒளிர்பவை. அவற்றை என்னால் நம்ப முடிந்ததே இல்லை. எங்கள் வீட்டு இரண்டாம் கட்டில் இருந்த பெட்டகத்தில், என் அப்பத்தாவின் திருமணத்தன்று எழுதிய, இசைகுடிமானம் என்னும் திருமண ஒப்பந்த ஓலை இருந்தது. ஓரமெல்லாம் அரித்துப்போன அந்த ஓலையை எடுக்கும் முன் அப்பத்தா கை கால் கழுவிக்கொண்டு வருவார். மறை என்றால் எனக்கு நினைவுக்கு வருவது அந்த ஈரக் கைதான்.

ஆகவே, கடவுள் என்ன சொன்னார் என்பதைப் பிறகு எழுதுங்கள். அது எதன்மேல் எழுதப்பட்டது என்பதை முதலில் எழுதுங்கள். பதப்படுத்திய ஓலையை எழுத்தாணியால் கீறி, கீறலில் மசியும் கோவையிலைச் சாறும் மஞ்சளும் தடவி மையாடினால்தான் எழுத்து கண்ணுக்குத் தெரியும். நம் ஊர் வெக்கையையும் பூச்சியையும் தாங்கி ஓர் ஏடு சில நூறு ஆண்டுகள் நின்றாலே பெரிது. அதற்குள் யாராவது படியெடுத்தாக வேண்டும். படியெடுத்தவர்கள் ஓலை பொத்துப்போகும் என்று அஞ்சிப் புள்ளி வைக்காமல் விட்டார்கள் என்பார்கள். அன்று எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வடிவம் ஒன்றே; குறில் எகரம் புள்ளி பெறும், நெடில் பெறாது என்பது தொல்காப்பிய மரபு. ஏகாரத்தை இன்று நாம் எழுதும் வடிவம் வீரமாமுனிவர் தந்தது என்பது வழக்கு. இடைப்பட்ட காலத்து ஏடுகளில் புள்ளி விடுபட்டுவிட்டால் எரி எது, ஏரி எது என்பதை இடம் நோக்கித்தான் கொள்ள வேண்டும்.

இடமும் கைவிட்டால் என்ன ஆகும்? இந்தக் கேள்வியிலிருந்துதான் என் கற்பனை மறை பிறந்தது. உச்சியில் அணையாத எரியும் அடிவாரத்தில் பேரேரியும் உள்ள ஒரு மலைநாடு. அவர்களுக்கும் நம்முடையதைப் போன்ற எழுத்து. அவர்களுடைய மறையின் கடைசி ஏடு, மறையின் இறுதிச் சடங்கையே சொல்கிறது: "படியெடுத்தபின் மூத்த ஏட்டை எரிக்குக் கொடு." உச்சியில் வாழ்பவர்கள் அதை எரி என்று படித்து நெருப்பில் இட்டார்கள், கரையில் வாழ்பவர்கள் ஏரி என்று படித்து நீரில் விட்டார்கள். இரு சாராரும் தலைமுறை தவறாமல் கட்டளைக்குக் கீழ்ப்படிந்தார்கள். அதனாலேயே, வழக்கைத் தீர்க்கக்கூடிய மூல ஏடு இருவரிடமும் இல்லை.

இது மிகையன்று. கரிவலம்வந்தநல்லூரில் பழுதுபட்ட ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத்தில் இட்டுவிட்டார்கள் என்று கேட்டு உ.வே.சாமிநாதையர் நொந்ததை அறிவோம். ஆடிப்பெருக்கில் ஆற்றோடு போன சுவடிகளும் உண்டு. இட்டவர்கள் பகைவர்கள் அல்லர், பக்தியோடு இட்டவர்கள். ஞானசம்பந்தரின் ஏடு அனலில் வேகாமல், புனலில் எதிரேறிச் சென்ற வரலாற்றைப் பாடிக்கொண்டே நாம் ஏடுகளை அனலுக்கும் புனலுக்கும் கொடுத்தோம் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் நெஞ்சு பதைக்கிறது.

இழப்பையும் உங்கள் மறைக்குள் எழுதுங்கள். புறநானூற்றில் 267, 268ஆம் பாடல்கள் கிடைக்கவில்லை. ஆயினும் அந்த எண்கள் இன்றும் வெற்றிடமாக நிற்கின்றன. என் மலைநாட்டுக் கோயிலில் ஓதுபவர், கரையான் தின்ற பாடல்களுக்கு வரும்போது ஒரு பாடல் ஓதும் நேரம் வாய் மூடி நிற்பார். கூட்டமும் அவரோடு நிற்கும்.

இன்னொருத்தியைப் பற்றியும் சொல்ல வேண்டும். நம் கோட்டையூரில் ரோஜா முத்தையா, பிறர் கழித்துப் போட்ட நோட்டீசுகளையும் அழைப்பிதழ்களையும்கூடச் சேர்த்துவைத்தார். அந்தத் தொகுப்பின்மேல்தான் சென்னையில் அவர் பெயரிலுள்ள ஆராய்ச்சி நூலகம் எழுந்தது. அவரைப் போன்ற ஒருத்தி என் மலைநாட்டிலும் இருக்கிறாள். எரிக்கும் கொடுக்காமல் ஏரிக்கும் கொடுக்காமல், பாவம் வந்தால் வரட்டும் என்று ஒரு மூத்த ஏட்டைப் பெட்டகத்தில் பூட்டி வைத்தவள். பல தலைமுறை கழித்து அதைத் திறக்கிறார்கள். அந்த எகரத்தின் தலைமேல் கடுகளவு ஒரு துளை இருக்கிறது. எழுத்தாணி குத்திய புள்ளி என்றால் அது எரி. பூச்சி அரித்த துளை என்றால் ஏரி. இரு சாராரும் விளக்கைச் சாய்த்து, மூச்சுப் படாமல், ஒரே ஓலையின்மேல் தலை குனிந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.