நோட்டீஸை வாங்கிக்கொள்ளுங்கள்

எல்லாருக்கும் வணக்கம். போன வாரம் ஒரு தறிக்காரர் என்னைப் பார்க்க வந்தார். மடியில் சுருட்டி வைத்திருந்த காகிதத்தை மேசையில் வைத்துவிட்டு, "ஜெயில்ல போட்ருவாங்களா சார்?" என்று ஒரே கேள்விதான் கேட்டார். புரோநோட்டு (கடனைத் திருப்பித் தருவதாக எழுதிக்கொடுத்த சீட்டு) கடன். தாவா, அதாவது வழக்குச் சம்மன் வந்தபோது வீட்டில் இல்லை என்று சொல்லச் சொல்லியிருக்கிறார். அவர் இல்லாமலே டிகிரி, அதாவது பணத்தைக் கட்டச் சொல்லும் தீர்ப்பு, ஆகிவிட்டது. இப்போது அதை நிறைவேற்றக் கைது கேட்டு மனு.

அவருக்குச் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன். கடனைக் கட்ட வழியில்லை என்பதற்காக மட்டும் யாரையும் சிறையில் வைக்க முடியாது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 51-ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. சொத்தை ஏமாற்றிக் கைமாற்றியிருக்க வேண்டும், இல்லை ஊரை விட்டு ஓடப் பார்க்க வேண்டும், இல்லை டிகிரிக்குப் பிறகு கையில் பணம் இருந்தும் கொடுக்காமல் இருந்திருக்க வேண்டும். இந்த மாதிரிக் காரணம் இருப்பதைக் கடன் கொடுத்தவர்தான் காட்ட வேண்டும்.

1980-இல் கொச்சின் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இதை இன்னும் அழுத்திச் சொன்னார். ஒரு காலத்தில் பணம் இருந்தது என்பது போதாது. இன்றைக்கு அந்த மனிதனின் நிலைமை என்ன, அவனுக்கு வேறு என்ன தலைபோகிற செலவுகள் இருக்கின்றன என்று பார்க்க வேண்டும்; கெட்ட எண்ணம் இருந்தால்தான் சிறை. ஏழை என்பதற்காக அடைப்பது அரசியல் சட்டத்தின் 21-ஆம் பிரிவுக்கே விரோதம் என்றார். அந்தத் தீர்ப்பைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனசு நிறையும்.

சரி, அப்புறம் எப்படி வாரண்ட் வருகிறது? பெரும்பாலும் நாமே வரவழைத்துக்கொள்கிறோம். உங்களை ஏன் சிறையில் வைக்கக் கூடாது என்று கேட்டு வழக்கமாக முதலில் நோட்டீஸ்தான் வரும். அந்தத் தேதியில் போகாவிட்டால், எதிர்த்தரப்பு கேட்டதும் வாரண்ட் போய்விடும். நோட்டீஸை வாங்க மறுத்தால் தப்பித்தோம் என்று நினைக்காதீர்கள். மறுத்தாலும் அது உங்களிடம் சேர்ந்ததாகவே கணக்கு.

வாரண்டோடு வருகிறவர் அமீனா, அதாவது கோர்ட் ஊழியர். பொழுது சாய்ந்த பிறகு விடியும் வரை அவர் வீட்டுக்குள் வரக் கூடாது. பணத்துக்கான டிகிரியில் பெண்களைக் கைது செய்யவே முடியாது. "போலீஸ் வந்து உன் பெண்டாட்டியை இழுத்துப் போகும்" என்று வசூல்காரர் போனில் மிரட்டினால், அது பொய். (செக் திரும்பிய வழக்கு வேறு. அது குற்ற வழக்கு, 2 ஆண்டு வரை தண்டனை உண்டு, ஆண் பெண் என்ற பேதமும் கிடையாது. அதனால் வெற்று செக்கில் கையெழுத்துப் போட்டுத் தராதீர்கள்.)

சிவில் சிறை அதிகபட்சம் 3 மாதம். தொகை 2,000 ரூபாய்க்கு மேல் இல்லையென்றால் சிறையே கிடையாது. உள்ளே இருப்பவரின் சாப்பாட்டுச் செலவைக் கடன் கொடுத்தவர்தான் கட்ட வேண்டும். அதே டிகிரிக்கு இரண்டாவது முறை பிடிக்கவும் முடியாது. ஆனால் கடன் அப்படியே நிற்கும். மூன்று மாதம் தறி ஓடாமல், கூலி இல்லாமல் போய், வெளியே வந்தால் அதே தொகை. கொடுத்தவருக்கும் ஒரு ரூபாய் சேர்வதில்லை. யாருக்கு என்ன லாபம் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

ஜப்தியிலும் எல்லாவற்றையும் அள்ளிப்போக முடியாது. சமையல் பாத்திரம், உடுதுணி, படுக்கை, கைத்தொழில் கருவி, விவசாயியின் உழவு மாடு, இவற்றைத் தொடக் கூடாது.

எனக்கு வருத்தமெல்லாம் அந்த முதல் சம்மனைப் பற்றித்தான். அன்றைக்கே கோர்ட்டுக்குப் போய்த் தவணை கேட்டிருந்தால், நீதிபதியே தீர்ப்பில் தவணை போட்டிருக்க முடியும். டிகிரி ஆன பிறகு என்றால் கடன் கொடுத்தவர் சம்மதம் தேவை. வக்கீலுக்குப் பணமில்லை என்றால் வட்டச் சட்டப் பணிகள் குழுவில் கேளுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமலே இலவசமாக வக்கீல் தருவார்கள். மற்றவர்களில் பலருக்கு வருமான வரம்பு உண்டு.

அந்தத் தறிக்காரருக்கு வருகிற புதன்கிழமை வாய்தா. கூலி நோட்டு, ரேஷன் கார்டு, அம்மாவின் ஆஸ்பத்திரி பில் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு பத்து மணிக்கு வாருங்கள் என்று சொல்லியிருக்கிறேன். வருகிறேன் என்றிருக்கிறார்.