கோதுமை மாவில் ஒரு பை ஓடு

நேயர்களுக்கு வணக்கம்.

ஆப்பிள் பை, சிக்கன் பை என்று பேக்கரியில் வாங்குகிறோமே, அந்தப் பையில் பூரணத்தைத் தாங்கும் மாவு ஓடு, அதை முழுக் கோதுமை மாவில் வீட்டிலேயே செய்வதைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், சப்பாத்திக்குப் பிசைந்து பழகிய கைக்கு இது கொஞ்சம் சிரமம். சப்பாத்திக்கு எவ்வளவு அழுத்திப் பிசைகிறோமோ அவ்வளவு நல்லது. அதே கையை இங்கே காட்டினால், ஓடு கடிக்க முடியாமல் இழுபடும்.

காரணம் க்ளூட்டன். கோதுமையில் உள்ள புரதம் தண்ணீரோடு சேர்ந்து, பிசையப் பிசைய வலையாகப் பின்னிக்கொள்கிறது. அமெரிக்கக் கடைகளில் பைக்கென்றே மென்கோதுமையில் அரைத்த, புரதம் குறைந்த முழுத்தானிய மாவு கிடைக்கும். நம் ஆட்டா சப்பாத்திக்காக அரைத்த மாவு. தண்ணீரையும் நிறைய இழுக்கும். அதனால் தண்ணீருக்கு முன்னால் வெண்ணெய் போய்ச் சேர வேண்டும். மாவுத்துகளின் மேல் கொழுப்பு படிந்துவிட்டால், தண்ணீர் புரதத்தைச் சுலபமாகத் தொட முடியாது.

அளவைக் குறித்துக்கொள்ளுங்கள். 9 அங்குலத் தட்டுக்கு, மேல்மூடி இல்லாமல், மாவு 180 கிராம், வெண்ணெய் 120 கிராம், ஐஸ் தண்ணீர் 60 மில்லி. முழு மாவு என்பதால் தண்ணீர் இன்னும் ஒன்றிரண்டு ஸ்பூன் கேட்கலாம். முதல் தடவை செய்கிறவர்கள் மாவில் மூன்றில் ஒரு பங்கை மைதாவாக வைத்துக்கொள்ளுங்கள், குற்றமில்லை. ஆனால் ஆட்டாவைச் சலிக்காதீர்கள். தவிட்டைத் தூக்கிப் போட்டுவிட்டு முழுத்தானியம் என்று சொல்லிக்கொள்வதில் என்ன இருக்கிறது? மாவை மோந்தும் பாருங்கள். கோதுமையின் முளைக்கருவில் எண்ணெய் உண்டு. நாள்பட்டால் அது கெட்டு, ஓடே கசக்கும்.

நெய் போடலாமா என்று கட்டாயம் கேட்பீர்கள். போடலாம், ஆனால் பிஸ்கட் மாதிரிப் பொடிந்து வரும், அடுக்கு வராது. வெண்ணெயில் சுமார் 16 சதவீதம் தண்ணீர் இருக்கிறது. ஓவனில் சுடும்போது அது ஆவியாகி மேலே தள்ளுவதால்தான் அடுக்கு பிரிகிறது. கடை வெண்ணெயில் உப்பு இருந்தால் தனி உப்பு வேண்டாம்.

வெண்ணெய் 32, 35 டிகிரியில் இளகிவிடும். சித்திரையில் நம் சமையலறையே அந்தச் சூடுதான். அதனால் வெண்ணெயை ஃப்ரீசரில் கல்லாக்கி, கேரட் துருவியில் துருவுங்கள். மாவையும் அரைமணி நேரம் குளிர வையுங்கள். துருவியதில் மூன்றில் இரண்டு பங்கை விரல் நுனியால் மாவில் தேய்த்துச் சேருங்கள். புட்டுக்குப் பிசறிய மாவுப் பதம், பிடித்தால் பிடிபடும், விட்டால் உதிரும். மீதி வெண்ணெயை அப்புறம் போட்டு லேசாகக் கிளறினால் போதும். தண்ணீரை ஸ்பூன் ஸ்பூனாகத் தெளித்து, அள்ளிச் சேர்த்து உருண்டையாக்கி நிறுத்திவிடுங்கள். வினிகர் விடச் சொல்கிறவர்களும் உண்டு. எனக்கு அதில் பெரிய வித்தியாசம் தெரிந்ததில்லை.

இனி ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில். இதில் மட்டும் அவசரப்படக் கூடாது. தவிடு தண்ணீரை மெதுவாகத்தான் குடிக்கும். அது குடித்து முடிப்பதற்குள் தேய்த்தால் ஓரமெல்லாம் வெடிக்கும். இரண்டு பிளாஸ்டிக் தாளுக்கு நடுவே வைத்துத் தேயுங்கள். கிரானைட் மேடை குளுமையாக இருக்கும், நல்லது. கிழிந்தால் ஒட்டுப் போட்டு அழுத்திவிடுங்கள், வெந்தபின் தெரியாது.

தட்டில் விரித்து, முள்கரண்டியால் குத்தி, பட்டர் பேப்பர் போட்டு, மேலே பச்சரிசியோ காய்ந்த கொண்டைக்கடலையோ நிரப்பி, 200 டிகிரியில் 20 நிமிடம். பாரம் இல்லாவிட்டால் அடி உப்பும், பக்கம் சரியும். அப்புறம் பாரத்தை எடுத்துவிட்டு இன்னும் 10 நிமிடம் போல. அந்த அரிசி இனி சோற்றுக்கு ஆகாது. ஒரு டப்பாவில் போட்டு வைத்தால் அடுத்த பைக்கு ஆகும். மைதா ஓடு பொன்னிறமானால் வெந்தது என்று கண்டுபிடிக்கலாம். கோதுமை முதலிலேயே பழுப்பு, நிறத்தை நம்பினால் அடி வேகாமல் எடுத்துவிடுவோம். நெய்யில் வறுத்த ரவை வாசனை வர வேண்டும், நடுவில் தொட்டால் ஈரம் இல்லாமல் விறைப்பாக இருக்க வேண்டும்.

1830களில் அமெரிக்காவில் சில்வெஸ்டர் கிரகாம் என்ற பாதிரியார், தவிடு நீக்காத மாவே உடம்புக்கு நல்லது என்று பிரசாரம் செய்தார். அவர் பெயரில் கிரகாம் மாவு என்றே ஒன்று இருக்கிறது. நான் இதை ருசிக்காகத்தான் சொல்கிறேன். 120 கிராம் வெண்ணெய் போட்ட பண்டத்தை ஆரோக்கிய உணவு என்று சொல்ல எனக்கு வாய் வராது. ஆப்பிள், பட்டை, வெல்லம் மூன்றோடும் கோதுமையின் வறுத்த மணம் சேரும்போது மைதா சப்பென்று தெரியும்.

பூரணம் வைத்துச் சுட்டபின் இரண்டு மூன்று மணி நேரமாவது ஆறவிட்டு வெட்டுங்கள். சூட்டோடு வெட்டினால் சாறெல்லாம் தட்டில் ஓடிவிடும். வெட்டி மிஞ்சிய ஓரத் துண்டுகளில் சர்க்கரை தூவிச் சுட்டால், காத்திருக்கும் நேரத்துக்குப் பிள்ளைகளுக்கு ஆயிற்று.

நன்றி, வணக்கம்.