எண்ணெய்ச் சட்டி இல்லாமல் ஸ்காட்ச் எக்

நேயர்களுக்கு வணக்கம்.

முட்டை போண்டா எல்லோருக்கும் தெரியும். அவித்த முட்டை, மேலே கடலைமாவு, கொதிக்கிற எண்ணெய். அந்தக் கடலைமாவுக்குப் பதில் கொத்துக்கறியைப் பொதிந்து, அதற்கும் மேலே ரொட்டித்தூளைப் புரட்டினால் அதுதான் இங்கிலாந்துக்காரர்களின் ஸ்காட்ச் எக். லண்டனில் உள்ள ஃபோர்ட்னம் அண்ட் மேசன் என்ற கடை, 1738-இல் தாங்கள்தான் இதை முதலில் செய்ததாகச் சொல்லிக்கொள்கிறது. 1809-இல் அச்சான ஓர் ஆங்கிலச் சமையல் புத்தகத்தில் இதன் செய்முறை இருக்கிறது; குழம்போடு சூடாகப் பரிமாறச் சொல்கிறது. அவித்த முட்டையைக் கொத்துக்கறியில் பொதிகிற நம் நாட்டு நர்கிஸி கோஃப்தாவைப் பார்த்துச் செய்தது என்பாரும் உண்டு. ஸ்காட்லாந்துக்கும் இதற்கும் என்ன உறவு என்பது மட்டும் தீராத வழக்கு. அதை அவர்களே பேசித் தீர்க்கட்டும்.

நாம் இன்று பார்க்கப்போவது, இதை எண்ணெயில் போடாமல் ஓவனில் சுட்டெடுக்கும் முறை. குமரி மாவட்டத்தில் எத்தனையோ வீடுகளில் கிறிஸ்துமஸ் கேக்குக்கென்று வாங்கின ஓ.டி.ஜி. என்கிற சிறிய மின்சார ஓவன், ஜனவரி பிறந்ததும் துணி போர்த்திக்கொண்டு மூலையில் உட்கார்ந்துவிடும். அதற்கு இது ஒரு நல்ல வேலை.

ஆனால் ஒன்று. பொரிக்கிற செய்முறையை அப்படியே எடுத்துக்கொண்டு எண்ணெயை மட்டும் விட்டுவிட்டால் நன்றாக வராது. வெளிறிப்போய், அடிப்பக்கம் நசநசத்து, நடுவில் வெடித்து வரும். காரணம், கொதிக்கிற எண்ணெய் ஒரே நேரத்தில் மூன்று வேலை பார்க்கிறது. ரொட்டித்தூளைச் சிவக்க வைக்கிறது. நாலு பக்கமும் ஒரே மாதிரிச் சூட்டைக் கொடுக்கிறது. கறியின் மேற்பரப்பைச் சில நொடிகளில் இறுக வைத்து உருண்டை வடிவைப் பிடித்துக்கொள்கிறது. ஓவனுக்குள் இருப்பது வெறும் சூடான காற்று. இந்த மூன்று வேலையையும் அது மெதுவாகத்தான் செய்யும், சிலதைச் செய்யவே செய்யாது. ஆகவே அந்த வேலைகளை அடுக்களையில் நாமே முன்கூட்டிச் செய்துவிட வேண்டும்.

பென்சிலை எடுத்துக்கொள்ளுங்கள். அளவு ஆறு உருண்டைக்கு. முட்டை ஏழு: ஆறு உள்ளே வைக்க, ஒன்று மேலே முக்க. எலும்பில்லாத கொத்துக்கறி 550 கிராம். பால்ரொட்டி ஒரு துண்டு, அதை ஊறவைக்க இரண்டு மேசைக்கரண்டி பால். மைதா நாலு மேசைக்கரண்டி. ரொட்டித்தூள் 120 கிராம். எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி. தூள் உப்பு தலைதட்டி ஒன்றரைத் தேக்கரண்டி, எடையில் எட்டிலிருந்து ஒன்பது கிராம். இடித்த நல்லமிளகு ஒன்றரைத் தேக்கரண்டி. உள்ளி, அதாவது சின்ன வெங்காயம், பத்து; ஒரு துண்டு இஞ்சி, நாலு பல் பூண்டு, ஒரு இணுக்கு கருவேப்பிலை.

முதலில் முட்டை. இன்று காலையில் கூட்டில் இருந்து எடுத்த நாட்டுக்கோழி முட்டையை இதற்குப் பயன்படுத்த வேண்டாம். புது முட்டையில் வெள்ளைக்கரு ஓட்டின் உள்தோலோடு ஒட்டிக்கொண்டே இருக்கும். உரித்தால் பாதி வெள்ளை ஓட்டோடு போய்விடும். நாளாக ஆக முட்டைக்குள் இருக்கும் கரியமில வாயு ஓட்டின் துளைகள் வழியாக வெளியேறி, வெள்ளைக்கருவின் காரத்தன்மை கூடும். அப்போது அந்தப் பிடி தளரும். அவிக்கிற முட்டைக்கு ஏழிலிருந்து பத்து நாள் வயது சரி. நாமக்கல்லில் இருந்து லாரியில் வந்து, கடையிலும் நாலு நாள் இருந்த முட்டை இந்த ஒரு காரியத்துக்கு நல்லது.

தண்ணீர் தளதளவென்று கொதித்த பிறகுதான் முட்டையை இறக்க வேண்டும். பச்சைத் தண்ணீரில் போட்டுச் சூடாக்கினால் உரிப்பது கடினம். அறைச்சூட்டில் இருந்த 55 கிராம் முட்டைக்கு ஆறரை நிமிடம், குளிர்சாதனப் பெட்டியில் இருந்து எடுத்ததற்கு ஏழரை. உடனே ஐஸ் போட்ட தண்ணீரில் பத்து நிமிடம் போட்டு வையுங்கள். முட்டை இனி ஓவனிலும் அரை மணி நேரம் இருக்கப்போகிறது. இப்போதே பன்னிரண்டு நிமிடம் அவித்துவிட்டால், வெட்டும்போது மஞ்சள்கருவைச் சுற்றிச் சாம்பல் பச்சையாக ஒரு வளையம் தெரியும். வெள்ளைக்கருவில் இருந்து வரும் கந்தகம் மஞ்சள்கருவில் உள்ள இரும்போடு சேர்வதால் வருவது அது. தின்றால் கெடுதல் இல்லை, பார்க்கத்தான் நன்றாக இராது. கர்ப்பிணிகளுக்கும் சிறு பிள்ளைகளுக்கும் வயதானவர்களுக்கும் கொடுப்பதானால் ஒன்பது நிமிடம் அவித்து மஞ்சள்கருவை முழுக்க வேகவைத்துவிடுங்கள். வளையம் வந்தால் வந்துவிட்டுப் போகிறது.

உரித்த முட்டையைத் துணியில் ஒற்றி ஈரமே இல்லாமல் துடைக்க வேண்டும். இதை இன்னொரு தடவையும் சொல்வேன்.

அடுத்தது கறி. இங்கிலாந்தில் கொழுப்புள்ள பன்றி இறைச்சியில்தான் செய்வார்கள். இங்கே பன்றியும் எடுக்கலாம், மாடும் எடுக்கலாம், கோழியும் எடுக்கலாம். எதை எடுத்தாலும் ஐந்தில் ஒரு பங்கு கொழுப்பு வேண்டும். கோழி என்றால் நெஞ்சுக்கறி மட்டும் வாங்காதீர்கள். தொடைக்கறியைத் தோலோடு கொத்தித்தரச் சொல்லுங்கள். சூடு ஏற ஏற கறி சுருங்கும். உள்ளே இருக்கும் முட்டை சுருங்காது. கொழுப்பில்லாத கறி அதிகமாகச் சுருங்கி, வழியில்லாமல் வெடிக்கும். பாலில் ஊறின ரொட்டியைச் சேர்ப்பதும் இதற்காகத்தான்: கறி விடுகிற சாற்றை அது பிடித்து வைத்துக்கொள்ளும்.

கொத்தின கறியை வீட்டுக்கு வந்து கழுவுகிற பழக்கம் நம்மில் பலருக்கு உண்டு. கழுவத்தான் வேண்டுமென்றால் கொத்துவதற்கு முன்னால் துண்டாகக் கழுவி, வடித்து, துணியால் துடைத்துவிட்டுக் கொத்துங்கள். கொத்தின பிறகு கழுவினால் தண்ணீர் போகவே போகாது. அந்தத் தண்ணீர் ஓவனில் ஆவியாகி, முட்டைக்கும் கறிக்கும் நடுவே புகுந்து இரண்டையும் பிரித்துவிடும். வெட்டினதும் முட்டை தனியாகக் கழன்று விழுவது இதனால்தான். உள்ளியையும் பச்சையாகப் போட வேண்டாம், அதுவும் தண்ணீர் விடும். பொடியாக அரிந்து இஞ்சி, பூண்டு, கருவேப்பிலையோடு ஒரு கரண்டி தேங்காய் எண்ணெயில் வதக்கி, நன்றாக ஆறவிட்டுச் சேருங்கள்.

இங்கிலாந்தில் சேஜ் என்றொரு இலையும் ஜாதிக்காயும் போடுவார்கள். சேஜுக்காக அலைய வேண்டாம், கருவேப்பிலை போதும். ஜாதிக்காயை இரண்டு சிட்டிகை துருவிப் போடுங்கள். மாறாமலைப் பக்கம் விளைகிற நம் கிராம்பில் இரண்டைப் பொடித்துப் போடலாம். புவிசார் குறியீடு பெற்ற சரக்கு அது, வீரியம் அதிகம். மூன்றாவது கிராம்பு விழுந்தால் பல் வைத்தியரிடம் போன ஞாபகம் வந்துவிடும்.

இப்போது பிசைவது. உப்பை முதலில் போட்டு, கறி விரலில் ஒட்டி இழுபடுகிற பதம் வரும்வரை மூன்று நாலு நிமிடம் அழுத்திப் பிசையுங்கள். உப்புதான் கறியில் உள்ள புரதத்தைக் கரைத்துப் பசையாக்குகிறது. இந்தப் பசை இல்லாவிட்டால் ஓவனில் உதிரும். கறி குளிர்ந்திருக்க வேண்டும். நம் ஊர் வெக்கையில் மேடையில் வைத்துப் பிசைந்துகொண்டே இருந்தால் கொழுப்பு உருகி எண்ணெயாகப் பிரியும், ஒட்டாது. குளிர்சாதனப் பெட்டியில் இருந்து எடுத்ததும் பிசைந்து, அரை மணி நேரம் மறுபடி உள்ளே வைத்துவிடுங்கள். வைக்குமுன் ஒரு கோலிக்குண்டு அளவு எடுத்துத் தோசைக்கல்லில் சுட்டு உப்பு பாருங்கள். பொதிந்த பிறகு உப்பு குறைவு என்று தெரிந்து பயனில்லை.

அது குளிரும் நேரத்தில் ரொட்டித்தூள். சுடுகிற முறையில் முக்கியமான வேலை இதுதான். ஓவனுக்குள் வெறும் ரொட்டித்தூள் சீக்கிரம் சிவக்காது. அது சிவக்கும் வரை விட்டால் கறி காய்ந்து கட்டையாகிவிடும். ஆகவே இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயை வாணலியில் விட்டு, தூளைப் போட்டு, சிறு தீயில் கைவிடாமல் கிளறி, வெளிர் பொன்னிறம் வந்ததும் இறக்கித் தட்டில் பரப்பி ஆறவிடுங்கள். ஐந்து நிமிட வேலை. மீதி நிறத்தை ஓவன் கொடுக்கும். பேக்கரி ரஸ்கைப் பொடித்துப் போடலாமா என்றால், அதில் சீனி இருக்கிறது. கறி வேகுமுன் கருகிவிடும். பழைய ரொட்டியைக் காயவைத்துப் பொடிப்பதே நல்லது. கடற்காற்று அடிக்கிற ஊர்களில் பொடித்த தூள் ஒரே நாளில் நமுத்துப்போகும், இறுக மூடின டப்பாவில் வையுங்கள்.

பொதிவதற்கு பிளாஸ்டிக் தாள் தேவையில்லை. வாட்டின வாழையிலைத் துண்டில் எண்ணெய் தடவி, தொண்ணூறு கிராம் கறியை உருட்டி வைத்து, பன்னிரண்டு சென்டிமீட்டர் வட்டமாகத் தட்டுங்கள். நடுவும் ஓரமும் ஒரே கனமாக, முக்கால் சென்டிமீட்டருக்குச் சற்றுக் கூடுதலாக இருக்கட்டும். முட்டையை மறுபடியும் துடைத்து, மைதாவில் புரட்டி, உதறி, நடுவில் வையுங்கள். வழுவழுப்பான வெள்ளைக்கருவில் கறி பிடிக்க அந்த மைதாப் பூச்சுதான் கைகொடுக்கும். இலையோடு சேர்த்துத் தூக்கி நாலு பக்கமும் மூடி, இணைப்பை ஈரக்கையால் தேய்த்து அடையாளம் தெரியாமல் செய்யுங்கள். உள்ளே காற்று நிற்கக் கூடாது. பிறகு மைதா, அடித்த முட்டை, ரொட்டித்தூள் என்ற வரிசையில் புரட்டி, உள்ளங்கையால் மெல்ல அழுத்துங்கள். ஒரு கை ஈரத்துக்கு, மற்றொரு கை உலர்ந்ததற்கு. இரண்டு கையையும் இரண்டிலும் விட்டால் விரல்தான் முதலில் ஸ்காட்ச் எக் ஆகும்.

ஓவனை 200 டிகிரி செல்சியஸில், மேல்கம்பி கீழ்கம்பி இரண்டும் எரிய, பதினைந்து நிமிடம் சூடாக்குங்கள். உருண்டைகளைத் தட்டில் நேராக வைக்காதீர்கள். கம்பி வலை மேல் வைத்து, வடிகிற கொழுப்பைப் பிடிக்கத் தட்டை வலைக்குக் கீழே வையுங்கள். தட்டில் வைத்தால் சொந்தக் கொழுப்பிலேயே ஊறி அடிப்பக்கம் நசநசக்கும். இணைப்பு கீழ்ப்பக்கம் இருக்கட்டும். பதினைந்து நிமிடம் கழித்துப் புரட்டிப்போட்டு, இன்னும் பதின்மூன்று முதல் பதினைந்து நிமிடம். சிறிய ஓவனில் மேல்கம்பி மிக அருகில் இருக்கும். மேலே சீக்கிரம் கறுத்தால் அலுமினியத் தாளைத் தளர்வாக மூடுங்கள். வெப்பமானி இருந்தால் முட்டையில் படாமல் கறிக்குள் சாய்த்துக் குத்திப் பாருங்கள், கோழிக்கு 74 டிகிரி காட்ட வேண்டும். இல்லாவிட்டால் ஈர்க்கால் குத்தினால் வருகிற சாற்றில் சிவப்பு இருக்கக் கூடாது. ஏர் ஃபிரையரில் 180 டிகிரி, இருபது நிமிடம், நடுவில் ஒருமுறை புரட்டல். வெறும் மைக்ரோவேவில் முயலவே வேண்டாம், உள்ளே முட்டை வெடிக்கும்.

கறி வேண்டாம், மீன்தான் வேண்டும் என்பவர்களுக்கு: சின்னமுட்டத்திலும் குளச்சலிலும் கரை சேர்கிற சூரை இதற்குப் பொருந்தும். சூரையில் கொழுப்பும் குறைவு, அவித்து உதிர்த்தால் கறியைப் போல ஒட்டுகிற பசையும் வராது. அதனால் 350 கிராம் மீனை அவித்து, முள் நீக்கி உதிர்த்து, 200 கிராம் அவித்த மரச்சீனியை (மரவள்ளிக்கிழங்கை) நார் எடுத்து மசித்துச் சேருங்கள். மரச்சீனி மாவுச்சத்து மீனைக் கட்டிப்பிடித்துக்கொள்ளும், பால்ரொட்டி தேவையில்லை. எல்லாம் ஏற்கெனவே வெந்தது என்பதால் ஓவனில் இருபது நிமிடம் போதும். சூரையை வாங்கினதும் ஐஸிலேயே வைத்திருங்கள். வெயிலில் கிடந்த சூரை தின்றால் உடம்பு தடித்துச் சொறியும், சமைத்தாலும் அந்த நஞ்சு போகாது. தாறா (வாத்து) முட்டையிலும் செய்யலாம். முட்டை பெரிதென்பதால் ஒன்றுக்குக் கறி 120 கிராம் எடுத்து, ஓவனில் இன்னும் ஐந்து நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள்.

ஓவனில் இருந்து எடுத்ததும் வெட்டாதீர்கள். ஐந்து நிமிடம் ஆறட்டும், சாறு உள்ளே நிற்கும். ரொட்டி வெட்டுகிற பல்கத்தியால் அறுத்தால் மேல்தோல் உடையாது. அவர்கள் கடுகுச் சாந்து தொட்டுத் தின்பார்கள். நமக்கு உள்ளிச் சம்மந்தி என்கிற துவையல் இருக்கிறது.

மிச்சம் இருந்தால் இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துவிடுங்கள், மூன்று நாள் இருக்கும். உறைபெட்டியில் வைத்தால் வெள்ளைக்கரு ரப்பராகிவிடும். மறுபடி சூடாக்க, பாதியாக அறுத்து, வெட்டின பக்கம் மேலே இருக்க, 160 டிகிரியில் பத்து நிமிடம்.

வணக்கம்.