மலையில் கவுன்சில், தலைநகரில் சாவி

எல்லோருக்கும் வணக்கம். பழங்குடித் தன்னாட்சி என்று தலைப்புக் கொடுத்தால் பேச்சு வழக்கமாகத் துப்பாக்கி, ஒப்பந்தம், தனி மாநிலம் என்றுதான் போகும். நான் மூங்கிலில் தொடங்குகிறேன்.

வடகிழக்கில், இன்று மிசோரம் எனப்படும் மிசோ மலைகளில் ஏறக்குறைய 48 ஆண்டுக்கு ஒருமுறை ஒருவகை மூங்கில் மலை முழுக்க ஒரே சமயத்தில் பூக்கும். பூத்துக் காய்த்துப் பட்டுப்போகும். அந்தக் காயைத் தின்று எலிகள் பெருகும். காய் தீர்ந்ததும் எலிப்பட்டாளம் சரிவில் விளைந்து நிற்கும் நெல்லுக்கு வரும். விடிவதற்குள் ஒரு குடும்பத்தின் வருஷச் சோறு போய்விடும். இந்தப் பஞ்சத்துக்கு அங்கே மௌதாம் என்று பெயர். 1911இல் ஒருமுறை வந்தது. அடுத்தது 1950களின் கடைசியில் வரும் என்று ஊர்ப் பெரியவர்களுக்குத் தெரியும்.

அப்போது மிசோ மலை அசாம் மாநிலத்தின் ஒரு மாவட்டம். அரசியலமைப்பின் ஆறாவது அட்டவணைப்படி அங்கே தன்னாட்சி மாவட்டக் கவுன்சில் 1952 முதல் இருந்தது. பஞ்சம் வரப்போகிறது, முன்கூட்டியே பணம் வேண்டும் என்று அந்தக் கவுன்சில் மாநில அரசைக் கேட்டது. மூங்கில் பூத்தால் பஞ்சம் வருமா, இதெல்லாம் மலைவாசிகளின் நம்பிக்கை என்று அசாம் அரசு அலட்சியமாக இருந்துவிட்டது. 1959இல் மூங்கில் பூத்தது.

மிச்சக் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். பஞ்ச நிவாரணத்துக்காகத் தொடங்கிய அமைப்பு 1961இல் மிசோ தேசிய முன்னணியாக மாறியது. அதன் தலைவர் லால்டெங்கா, அந்த மாவட்டக் கவுன்சில் அலுவலகத்திலேயே வேலை பார்த்தவர்! முன்னணி தனிநாடு கேட்டு ஆயுதம் எடுத்ததும், 1966 மார்ச்சில் ஐஸ்வால் நகர் மீது இந்திய விமானப்படையே குண்டு போட்டது. 20 ஆண்டு ரத்தம் சிந்தியபின் 1986 ஜூனில் ஒப்பந்தம், 1987 பிப்ரவரியில் தனி மாநிலம். கேட்ட நேரத்தில் நிவாரணப் பணம் போயிருந்தால் இத்தனையும் நடந்திருக்காது என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். மொழி, அடையாளம் என்று வேறு காரணங்களும் இருந்தன. ஆனால், பஞ்சம் வருவதைக் கண்ணால் பார்த்தும் கையில் காசில்லாமல் உட்கார்ந்திருந்த ஒரு கவுன்சிலுக்குத் தன்னாட்சி என்று பெயர் வைத்திருந்தோம் என்பதை எப்படி மறுப்பது?

சரி, அந்த ஆறாவது அட்டவணை என்னதான் கொடுத்தது? அசாம் தலைவர் கோபிநாத் பர்தோலாய் தலைமையிலான துணைக்குழு பரிந்துரைத்து, 1949 செப்டம்பரில் அரசியல் நிர்ணய சபையில் காரசாரமாக விவாதிக்கப்பட்டு வந்த ஏற்பாடு அது. இன்று அசாம், மேகாலயா, திரிபுரா, மிசோரம் என நான்கு மாநிலங்களில் 10 கவுன்சில்கள் அதன்கீழ் நடக்கின்றன. நிலம், மாற்றுச் சாகுபடி, ஊராட்சி, திருமணம், வாரிசுரிமை பற்றிச் சட்டம் போடலாம். வழக்கு விசாரிக்கத் தனி நீதிமன்றம் வைக்கலாம். வட்டிக்காரர்களுக்குக் கடிவாளம் போடலாம். காட்டைப் பற்றியும் சட்டம் போடலாம், அரசு தன் வசம் வைத்திருக்கும் காப்புக்காடு நீங்கலாக. அந்த ‘நீங்கலாக’ என்ற சொல்லில் பாதி மலை போய்விடுகிறது. போட்ட சட்டத்துக்கும் ஆளுநர் ஒப்புதல் வேண்டும். எத்தனை நாளுக்குள் ஒப்புதல் தரவேண்டும் என்று அட்டவணையில் ஒரு வரிகூடக் கிடையாது. ஆளுநர்களும் கோப்புகளும் பற்றித் தமிழ்நாட்டுக்காரர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

பணம் இதைவிட மோசம். கவுன்சில் நிலவரி வாங்கலாம், கனிம உரிமத்தொகையில் பங்கு கேட்கலாம். ஆனால் சம்பளமும் சாலையும் மாநில அரசு கொடுக்கும் மானியத்தில்தான் ஓடுகின்றன. ஊராட்சிகளுக்கான 73ஆவது அரசியலமைப்புத் திருத்தம் வந்தபோது நாடெங்கும் அவற்றுக்கு வருவாயில் பங்கு பரிந்துரைக்கும் மாநில நிதி ஆணையம் என்ற ஒரு பிடிமானம் கிடைத்தது. ஆறாவது அட்டவணைப் பகுதிகளுக்கு அந்தத் திருத்தம் பொருந்தாது, ஏற்கெனவே தன்னாட்சி இருக்கிறதாம். இதைச் சரிசெய்ய 2019 பிப்ரவரியில் மாநிலங்களவையில் 125ஆவது திருத்த மசோதா வந்தது. கவுன்சில்களுக்கு நிதி ஆணைய ஏற்பாடு, ஊர் அளவில் தேர்தல், அதில் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு என்று நல்ல சங்கதிகள் அதில் உண்டு. சட்டமாகாமல் அப்படியே கிடக்கிறது.

தில்லியையும் மாநிலத் தலைநகரையும் மட்டும் திட்டிவிட்டு நான் இறங்கிவிட முடியாது. கவுன்சில்களும் தமக்குக் கீழே இருப்பவர்களிடம் அதே கஞ்சத்தனத்தைத்தான் காட்டுகின்றன. அசாமில் போடோ பழங்குடிகளுக்காக அமைந்த போடோலாந்தைப் பாருங்கள். 1993, 2003, 2020 என்று மூன்று ஒப்பந்தங்கள். 2003 ஏற்பாட்டில் தேர்ந்தெடுக்கப்படும் 40 இடங்களில் 30 பழங்குடிகளுக்கு ஒதுக்கப்பட்டன. ஆனால் அந்தப் பகுதிக்குள் போடோக்கள் பெரும்பான்மை இல்லை. சந்தாலிகள், கோச் ராஜ்பங்சிகள், வங்க முஸ்லிம்கள் எல்லோரும் அங்கேதான் வாழ்கிறார்கள். உள்ளுக்குள் புகைந்தது 2012இல் கோக்ரஜாரில் வெடித்து, லட்சக்கணக்கானோர் முகாம்களுக்குப் போனார்கள். 2014 மக்களவைத் தேர்தலில் போடோ அல்லாதோர் ஆதரவோடு நின்ற ஒரு சுயேச்சை கோக்ரஜாரில் பெரும் வித்தியாசத்தில் ஜெயித்தார். போடோக்களின் கோரிக்கை நியாயமானது, மற்றவர்களின் பயமும் நியாயமானது. யாரை எங்கே நிறுத்திக் கோடு போட்டாலும் கோட்டுக்கு உள்ளே ஒரு சிறுபான்மை மிஞ்சும்.

அதனால்தான் எனக்குக் கோட்டைவிட ஊர்ச்சபை மீது அக்கறை அதிகம். மறுபடி மூங்கிலுக்கு வருகிறேன். மகாராஷ்டிரத்தின் கட்சிரோலி மாவட்டத்தில் மேண்டா லேகா என்று ஒரு கோண்டு பழங்குடி ஊர். தில்லியிலும் மும்பையிலும் எங்கள் அரசு, எங்கள் ஊரில் நாங்களே அரசு என்பது அவர்கள் முழக்கம். பிரிவினை பேசவில்லை, கவனியுங்கள். முதல் பாதியில் தில்லியையும் ஏற்றுக்கொண்டுதான் இரண்டாம் பாதியைச் சொல்கிறார்கள். ஊர் முடிவுகளை ஓட்டெடுப்பில் எடுப்பதில்லை, எல்லோரும் ஒத்துக்கொள்ளும்வரை பேசுகிறார்கள்.

2006 வன உரிமைச் சட்டப்படி 2009இல் அந்த ஊருக்குச் சுமார் 1,800 ஹெக்டேர் காட்டின் மீது சமூக உரிமை கிடைத்தது. மூங்கில் அவர்களுடையது என்று காகிதத்தில் வந்துவிட்டது. அப்புறம்? வெட்டிய மூங்கிலை லாரியில் ஏற்றிச் சாலைக்குக் கொண்டுவரப் பாஸ் வேண்டும். பாஸ் புத்தகம் வனத்துறையிடம். தரமாட்டோம் என்றார்கள். மூங்கில் வனத்துறைக்குச் சேரும் மரமா, ஊருக்குச் சேரும் புல்லா என்று ஒரு சர்ச்சை வேறு! 2011 ஏப்ரலில் அன்றைய மத்திய சுற்றுச்சூழல் அமைச்சர் ஜெய்ராம் ரமேஷ் அந்த ஊருக்கே போய் அந்தப் புத்தகத்தைக் கிராம சபையிடம் கொடுத்தார். 2012இல் விதியும் திருத்தப்பட்டது. அதன்படி கிராம சபையே பாஸ் எழுதலாம். சில நூறு பேர் வாழும் ஊர் மூங்கிலை ஏலம் விட்டுத் தன் வருமானத்தைத் தானே கணக்குப் பார்க்கிறது. பெரிய பெரிய கவுன்சில்கள் பல பத்தாண்டுகளில் எட்டாத இடம் அது.

ஒடிசாவின் நியமகிரி மலையிலும் இதைப் பார்த்தோம். 2013 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் ஊர்ச்சபைகளைக் கேளுங்கள் என்றது. 12 ஊர்ச்சபைகள் கூடின, பன்னிரண்டும் பாக்சைட் சுரங்கம் வேண்டாம் என்றன. ஜெய்பால் சிங் முண்டா, 1928 ஒலிம்பிக்கில் நம் ஹாக்கி அணியின் கேப்டன், 1946 டிசம்பரில் அரசியல் நிர்ணய சபையில் எழுந்து பழங்குடிகளுக்கு ஜனநாயகம் கற்றுக்கொடுக்க வேண்டாம், அவர்களிடமிருந்துதான் நீங்கள் கற்கவேண்டும் என்றார். அப்போது அதைப் பேச்சு அலங்காரம் என்று நினைத்தவர்கள் இருந்திருப்பார்கள்.

இப்போது லடாக் ஆறாவது அட்டவணை கேட்கிறது. லே, கார்கில் இரண்டிலும் மலைக் கவுன்சில் ஏற்கெனவே உண்டு. 2019இல் சட்டமன்றம் இல்லாத ஒன்றியப் பகுதி ஆனபின்தான் நிலம் கைவிட்டுப் போகுமோ என்ற பயம் வந்தது. கொடுப்பதில் சட்டச் சிக்கல் தீர்க்கமுடியாதது அல்ல. அட்டவணையை அதன் 21ஆவது பத்தியின்படி நாடாளுமன்றம் சாதாரணச் சட்டத்தாலேயே திருத்தலாம்; ஆனால் அந்த நான்கு மாநிலங்களை மட்டும் பெயர் சொல்லும் அரசியலமைப்பின் 244ஆவது பிரிவில் லடாக்கைச் சேர்க்க அரசியலமைப்புத் திருத்தம் வேண்டியிருக்கும். கொடுக்கவேண்டும் என்பதே என் கருத்து. ஆனால் லடாக்கின் தலைவர்கள் கையெழுத்துப் போடும் முன் இரண்டைக் கேட்டு எழுதி வாங்கவேண்டும்: சட்டத்துக்கு ஒப்புதல் தரக் கெடு, பணம் யார் வழியாகவும் சுற்றாமல் கவுன்சிலுக்கு நேராக வர வழி. இரண்டும் இன்றைய அட்டவணையில் இல்லை.